ஓசுவின் 'ஒரே மகன்': பணம் போகும் வழியைப் பாருங்கள்

கேள்வி இதுதான்: "யசுஜிரோ ஓசு 1936-இல் எடுத்த 'ஒரே மகன்' படத்தைப் பார்த்தேன். விதவைத் தாய் கூலி வேலை செய்து மகனைப் படிக்க வைக்கிறாள், அவன் தோக்கியோவில் பெரிய ஆளாகவில்லை, அவள் மன்னித்துவிட்டு ஊர் திரும்புகிறாள். இதைப் போய் ஏன் இவ்வளவு கொண்டாடுகிறார்கள்? கடைசியில் அந்த அம்மா சந்தோஷமாகத்தான் போகிறாளா?"

இரண்டாவது கேள்விக்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். சந்தோஷமாகப் போகவில்லை. மகனை வெறுத்துவிட்டும் போகவில்லை. இந்த இரண்டுக்கும் நடுவில் ஓரிடத்தில் அவளைக் கொண்டுபோய் உட்காரவைக்கிறார் ஓசு. "மன்னித்துவிட்டாள்" என்று கதையைச் சுருக்கினால் படம் கையை விட்டு நழுவிவிடும். தியாகம், பாசம் என்ற சொற்களையெல்லாம் சற்று ஓரமாக வைத்துவிட்டு, இந்தப் படத்தில் பணம் யார் கையிலிருந்து யார் கைக்குப் போகிறது என்பதை மட்டும் கவனித்துப் பாருங்கள். ஓசு கதையைச் சொல்வதே அந்த வழியாகத்தான்.

ஆரம்பம் 1923, ஷின்ஷு. இன்றைய நாகானோ மாகாணம். தாய் ஓத்சுனே பட்டு நூற்பாலையில் வேலை செய்கிறாள். வெந்நீர்த் தொட்டியில் மிதக்கும் கூடுகளிலிருந்து இழையின் நுனியைத் தேடிப் பிடித்து, பலவற்றைச் சேர்த்து ராட்டையில் ஏற்றும் வேலை. நாள் முழுக்கக் கை வெந்நீரிலேயே கிடக்கும். அந்தக் காலத்து ஜப்பானின் ஏற்றுமதியில் முதலிடம் கச்சாப் பட்டுக்குத்தான். பெரும்பகுதி அமெரிக்காவுக்குப் போனது. அதற்கு இழை எடுத்துக் கொடுத்தவர்கள் நாகானோ போன்ற மலைநாட்டுப் பெண்கள். ஓசு இதையெல்லாம் விளக்கிச் சொல்வதில்லை. ஆலையையும் பெண்களின் கைகளையும் காட்டிவிட்டு நகர்ந்துவிடுகிறார். அன்றைய பார்வையாளருக்கு அது போதும்.

மகன் ரியோசுகே தொடக்கப் பள்ளியை முடிக்கப் போகிறான். கட்டாயக் கல்வி ஆறு ஆண்டுகள்தான். அதற்கு மேல் நடுநிலைப் பள்ளி என்றால் கட்டணம் கட்ட வேண்டும், பெரும்பாலான ஏழைப் பிள்ளைகளுக்கு அது எட்டாத உயரம். வகுப்பில் ஆசிரியர் கேட்டபோது, கூட்டத்தோடு கூட்டமாக "நானும் மேலே படிக்கப் போகிறேன்" என்று பையன் சொல்லிவிடுகிறான். அதை நம்பி ஆசிரியர் ஓகுபோ வீட்டுக்கே வந்து தாயைப் பாராட்டுகிறார். அவளுக்கு ஒன்றும் தெரியாது. ஆசிரியர் முன்னால் இல்லை என்று சொல்லவும் முடியவில்லை. அவர் போனதும் பையனைக் கூப்பிட்டு ஓர் அறை விடுகிறாள். அன்று இரவே மனம் மாறி, நான் எப்படியாவது பாடுபடுகிறேன், நீ படித்து முன்னுக்கு வா என்கிறாள். அவனும் வாக்குக் கொடுக்கிறான்.

இதில் ஒன்றைக் கவனியுங்கள். அந்தக் குடும்பத்தின் பெரிய முடிவு ஒரு பொய்யிலிருந்து பிறக்கிறது. சின்னப் பையன் வெட்கத்தில் சொன்ன பொய். அதை மெய்யாக்குவதற்குத் தாய் பதிமூன்று ஆண்டுகள் உழைக்கிறாள். படத்தின் முடிவில் இன்னொரு பொய் வரும், அதைச் சொல்வது தாய். அதைப் பற்றிப் பிறகு சொல்கிறேன்.

தன் கிராமத்துப் பள்ளி வேலையை உதறிவிட்டு அந்த ஓகுபோ ஆசிரியரும் தோக்கியோவுக்குக் கிளம்புகிறார். படித்து மேலே வர வேண்டும் என்ற கனவு அவருக்கும் உண்டு. நடிப்பது சிஷூ ரியூ. பிற்காலத்தில் ஓசுவின் படங்களில் நிரந்தர அப்பாவாகிவிட்ட அதே மனிதர், இங்கே முப்பதைக் கொஞ்சம் தாண்டிய வயதில் இருக்கிறார்.

பிறகு கதை 1936-க்குத் தாவுகிறது. தாய் மகனைப் பார்க்கத் தோக்கியோ வருகிறாள். வந்த இடத்தில் ஒன்றன்பின் ஒன்றாகச் செய்திகள். மகனுக்குக் கல்யாணம் ஆகியிருக்கிறது, கைக்குழந்தையும் இருக்கிறது. அம்மாவுக்குச் சொல்லவே இல்லை. வேலை, இரவுப் பள்ளியில் வடிவகணித ஆசிரியர். வீடு, நகரின் கிழக்கு ஓரத்தில் காலி மனைகளுக்கு நடுவே. கூப்பிடு தூரத்தில் நகரத்துக் குப்பையை எரிக்கும் உலையின் புகைபோக்கிகள். ஓகுபோ ஆசிரியரைப் பார்க்கப் போனால், அவர் ஒரு சின்னக் கடையில் மாவு தோய்த்த பன்றி இறைச்சியை எண்ணெயில் பொரித்து விற்றுக்கொண்டிருக்கிறார். பேச்சில் பழைய மரியாதை இருக்கிறது, ஆனால் சுற்றிலும் பிள்ளைகளும் அடுப்பும்தான். மகனுக்கு இது ஒரு எச்சரிக்கை போல. வழிகாட்டியே இந்த நிலையில் இருக்கும்போது பின்னால் வந்தவன் எங்கே போவான்?

இந்த இடத்தில்தான் பலர் "மகன் சோம்பேறி" என்று தீர்ப்பு எழுதிவிடுகிறார்கள். அது அநியாயம். 1929-இன் உலகப் பொருளாதார வீழ்ச்சிக்குப் பிறகு ஜப்பானில் பட்டு விலை படுத்துவிட்டது. பட்டை நம்பிய மலைக் கிராமங்கள் கடனில் மூழ்கின. நகரங்களில் பட்டதாரிகளுக்கு வேலை இல்லை. ஓசுவே 1929-இல் 'பட்டம் வாங்கினேன், ஆனால்…' என்ற பொருளில் ஒரு படத்துக்குத் தலைப்பு வைத்தார், அந்தத் தலைப்பு அக்காலத்து வேலையில்லாப் பட்டதாரிகளைக் குறிக்கும் சொலவடையாகவே ஆகிவிட்டது. படித்தால் உயரலாம் என்று மெய்ஜி பேரரசர் காலம் (1868–1912) முதல் பள்ளிக்கூடங்கள் சொல்லிவந்த வாக்குறுதியை நம்பி, கிராமம் நிலத்தை விற்றுப் பிள்ளையை அனுப்பியது. பிள்ளை நகரத்துக்கு வந்து சேர்ந்தபோது அங்கே நாற்காலி காலியாக இல்லை. ரியோசுகே அம்மாவிடம் சொல்வதும் இதையேதான்: தோக்கியோவில் மனிதர்கள் அதிகம், என்ன செய்தாலும் இவ்வளவுதான்.

ஆனால் ஓசு அவனைச் சும்மா விட்டுவிடவும் இல்லை. தாய் பதிலுக்குச் சொல்வதைக் கேளுங்கள். அதற்குள் தோற்றுவிட்டதாக முடிவு கட்டிவிட்டாயே, உனக்கு இன்னும் வயது இருக்கிறதே என்கிறாள். அதன் பிறகுதான் இத்தனை நாள் மறைத்ததை வெளியே விடுகிறாள். வீடு இல்லை, நிலம் இல்லை, முசுக்கொட்டைத் தோட்டமும் இல்லை. எல்லாம் அவன் படிப்புக்காக விற்றாகிவிட்டது. அவள் இப்போது இருப்பது ஆலையின் தொழிலாளர் குடியிருப்பில். மகன் கல்யாணத்தை மறைத்தான், தாய் சொத்தை விற்றதை மறைத்தாள். இருவரும் ஒருவரையொருவர் காப்பாற்றுவதாக நினைத்துக்கொண்டு இத்தனை ஆண்டுகள் ஏமாற்றிக்கொண்டிருந்திருக்கிறார்கள்.

இந்தக் காட்சியை ஓசு முடிக்கும் விதத்துக்காகவே படத்தை இரண்டாம் தடவை பார்க்கலாம். இரவு. தாயும் மகனும் தாழ்ந்த குரலில் பேசுகிறார்கள். பக்கத்தில் படுத்திருக்கும் மருமகள் சுகிகோ தூங்கவில்லை, எல்லாம் அவள் காதில் விழுகிறது. அவள் அழத் தொடங்குகிறாள். வேறொருவர் என்றால் அந்த முகத்திலேயே கேமராவை நிறுத்தி, பின்னணியில் வயலினைக் கூட்டியிருப்பார்கள். ஓசு அங்கிருந்து வெட்டி, அறையின் ஆளில்லாத ஒரு மூலையைக் காட்டுகிறார். காட்டிக்கொண்டே இருக்கிறார். ஒன்றும் நடக்கவில்லை. அழுகை மட்டும் கேட்கிறது, அது அடங்குகிறது, பிறகு பொழுது விடிந்திருக்கிறது. இது அவருடைய முதல் முழுநீளப் பேசும் படம் என்பதை நினைவில் வையுங்கள். ஒலி கைக்குக் கிடைத்ததும் எல்லோரும் அதைப் பேச்சுக்கும் பாட்டுக்கும் செலவிட்டார்கள். படச்சட்டத்துக்கு வெளியே இருப்பவரின் அழுகையை ஒரு வெற்றுச் சுவரின் மேல் ஒலிக்கவிட இவருக்குத் தோன்றியிருக்கிறது. மௌனப் படத்தில் இந்தக் காட்சியை எடுக்கவே முடியாது.

ஒலி என்று வந்துவிட்டதால் ஒரு சிறு விலகல். ஜப்பானில் பேசும் படம் 1931-இலேயே வந்துவிட்டது. ஹெய்னோசுகே கோஷோ இயக்க, ஓசு வேலை பார்த்த அதே ஷோசிகு நிறுவனம்தான் தயாரித்தது. அப்படியிருக்க ஓசு ஏன் ஐந்து ஆண்டுகள் காத்திருந்தார்? திரையரங்கில் படத்துக்குக் கதை சொல்லும் 'பென்ஷி'கள் அங்கே நட்சத்திரங்களாக இருந்ததால் மௌனப் படத்துக்கு ஆயுள் நீண்டது என்பது பொதுக் காரணம். ஓசுவுக்குத் தனிக் காரணம் ஒன்றும் இருந்தது. அவருடைய ஒளிப்பதிவாளர் ஹிதேயோ மோஹரா தானே ஓர் ஒலிப்பதிவு முறையை உருவாக்கிக்கொண்டிருந்தார். என் முதல் பேசும் படம் உன் கருவியில்தான் என்று ஓசு வாக்குக் கொடுத்திருந்தார். நிறுவனம் வேறொரு முறையோடு 1936-இல் ஓஃபுனாவில் புது ஸ்டூடியோவுக்குக் குடிபெயர்ந்துவிட, ஓசு காலியாகக் கிடந்த பழைய கமாதா ஸ்டூடியோவிலேயே மோஹராவின் கருவியோடு இந்தப் படத்தை எடுத்தார். அந்தக் கட்டடத்தில் ஒலித்தடுப்பு கிடையாது. பகலில் ரயில் சத்தம். அதனால் நள்ளிரவு தாண்டி விடியற்காலைக்குள் படப்பிடிப்பு. குடும்பக் கடமையைப் பற்றிய படம் ஒரு நண்பனுக்குக் கொடுத்த வாக்கைக் காப்பாற்றி எடுக்கப்பட்டிருக்கிறது என்பதில் எனக்கு ஒரு தனி மகிழ்ச்சி உண்டு.

பேசும் படத்தைப் பற்றி ஓசு படத்துக்குள்ளேயே ஒரு குறும்பும் செய்திருக்கிறார். மகன் தாயைச் சினிமாவுக்கு அழைத்துப் போகிறான். திரையில் இசையமைப்பாளர் ஷூபர்ட்டைப் பற்றிய ஜெர்மன் மொழிப் படம். இதுதான் பேசும் படம் அம்மா என்று பெருமையாகச் சொல்கிறான். அங்கே காதலர்கள் கோதுமை வயலில் ஓடுகிறார்கள். இங்கே அம்மா தூங்கி வழிகிறாள். சிரிப்பு வரத்தான் செய்கிறது. ஆனால் அந்த டிக்கெட்டுக்கான பணம் அவனுடையதல்ல என்று நமக்குத் தெரியும். உடன் வேலை பார்க்கும் ஆசிரியர்களிடம் அவன் கைமாற்று வாங்கியிருக்கிறான்.

இப்போது பணத்தின் வழிக்கு வருவோம். கடன் வாங்கிய காசு தீர்ந்துவிடுகிறது. அம்மா ஊர் திரும்புவதற்குள் அவளை இன்னும் ஓரிடத்துக்கு அழைத்துப் போக வேண்டும், கையில் ஒன்றும் இல்லை. சுகிகோ சத்தமில்லாமல் தன் கிமோனோவை விற்றுப் பணத்தைக் கணவனிடம் நீட்டுகிறாள். அதை வைத்துக்கொண்டு கிளம்பும் நாளில், பக்கத்து வீட்டு விதவை ஓதகாவின் மகன் தோமிபோ ஒரு குதிரையிடம் விளையாடப் போய் அடிபடுகிறான். அதற்கு முன்புதான் அந்தப் பையன் பேஸ்பால் கையுறை வேண்டும் என்று அம்மாவிடம் நச்சரித்துத் திட்டு வாங்கியிருப்பான். ஆஸ்பத்திரியில் ரியோசுகே அந்த கிமோனோப் பணத்தை அப்படியே ஓதகாவின் கையில் கொடுத்துவிடுகிறான். ஊர் சுற்றிப் பார்ப்பது அத்தோடு போயிற்று.

தாய் அதைப் பார்க்கிறாள். உன்னை நினைத்து எனக்கு இன்று பெருமையாக இருக்கிறது, நீ பணக்காரனாகியிருந்தால் இப்படி ஒரு மனம் உனக்கு இருந்திருக்காதோ என்னவோ, ஊருக்கு நான் கொண்டுபோகும் நல்ல பரிசு இதுதான் என்ற பொருள்படப் பேசுகிறாள். அவள் ஊருக்குக் கிளம்பிய பிறகு பார்த்தால், பேரனுக்கு ஏதாவது வாங்கிக் கொடுங்கள் என்று எழுதி, பணத்தையும் வைத்துவிட்டுப் போயிருக்கிறாள்.

கணக்கைக் கூட்டிப் பாருங்கள். தாயின் நிலம் மகனின் படிப்பாயிற்று. படிப்பு இரவுப் பள்ளிச் சம்பளமாகச் சுருங்கியது. சம்பளம் போதாமல் கடன். கடன் போதாமல் மருமகளின் துணி. அந்தத் துணி வேறொரு விதவையின் பிள்ளைக்கு மருத்துவச் செலவு. கடைசியில் ஆலையில் ஊறிய கைகளிலிருந்து மறுபடியும் ஒரு தொகை பேரனுக்கு. இந்தப் படத்தில் கொடுக்கும் யாருக்கும் கொடுக்க வசதி கிடையாது. பணம் ஒரு தடவைகூட மேலிருந்து கீழே வரவில்லை. இல்லாதவரிடமிருந்து இல்லாதவருக்கே கை மாறிக்கொண்டிருக்கிறது. முதலாளியோ வட்டிக்காரனோ, குற்றம் சாட்ட வசதியாக ஒரு முகம்கூடத் திரையில் இல்லை. மெலோடிராமா என்று இதை ஒதுக்க முடியாமல் போவது இதனால்தான்.

ஓசுவின் முப்பதுகளின் வறுமைப் படங்களை வரிசையாகப் பார்த்தால் இன்னொன்றும் தெரியும். 'தோக்கியோ கோரஸ்' 1931. வேலை பறிபோனவனின் மகள் நோய்வாய்ப்பட, மனைவியின் கிமோனோக்களை அவளுக்குத் தெரியாமல் விற்றுவிடுகிறான். அதிலும் ஒரு பழைய ஆசிரியர் உண்டு, அவரும் சாப்பாட்டுக் கடைதான் வைத்திருக்கிறார். 1933-இல் வந்த படத்தில் மகன் காசு கிடைத்த மகிழ்ச்சியில் தின்பண்டமாகத் தின்று படுத்துவிட, தகப்பன் மருத்துவச் செலவுக்குத் திண்டாடுகிறான். 1935-இன் 'தோக்கியோவில் ஒரு சத்திரம்' படத்தில் வேறொருத்தியின் குழந்தைக்காக ஒருவன் திருடவே செய்கிறான். ஒவ்வொரு படத்திலும் ஒரு குழந்தை படுத்தவுடன் பெரியவர்களின் மானம், ரோஷம், திட்டம் எல்லாம் விலைக்கு வந்துவிடுகின்றன. 'ஒரே மகன்' இதே சாமானை எடுத்துக்கொண்டு, 'தோக்கியோ கோரஸ்' படத்திலிருந்து இரண்டு மாற்றங்கள் செய்கிறது. அடிபடுவது சொந்தக் குழந்தை இல்லை. கிமோனோவை விற்பதும் கணவன் இல்லை, மனைவி தானாக முன்வந்து விற்கிறாள். சுகிகோவைப் பற்றி யாரும் அதிகம் எழுதுவதில்லை. என் கணிப்பில் இந்தப் படத்தில் கடமையை ஒரு வார்த்தை பேசாமல் செய்து முடிக்கும் ஒரே ஆள் அவள்தான். அவளுக்கு யாரும் எந்தச் சான்றிதழும் கொடுக்கவில்லை.

சரி, தாயின் பாராட்டு உண்மையா? உண்மைதான், அந்த நேரத்துக்கு. ஆஸ்பத்திரி வாசலில் அவள் கண்டது மெய்யான நல்ல குணம். ஆனால் பதிமூன்று ஆண்டு உழைப்புக்கும் நிலத்துக்கும் அவள் எதிர்பார்த்தது அது மட்டும் என்று சொல்லிவிட முடியுமா? ஓசு அவளை ஆலைக்குத் திருப்பி அனுப்பி அந்தக் கேள்வியைக் கேட்கிறார். உடன் வேலை செய்பவள் விசாரிக்கிறாள். பையன் பெரிய ஆளாகிவிட்டான், நல்ல மருமகள், இனி நான் எப்போது கண்ணை மூடினாலும் கவலை இல்லை என்று சிரித்த முகத்தோடு சொல்கிறாள். பிறகு வாளியைத் தூக்கிக்கொண்டு கட்டடத்துக்குப் பின்னால் வருகிறாள், உட்காருகிறாள், முகம் தளர்ந்து ஒரு பெருமூச்சு. எதிரே சாத்திய கதவு. படம் முடிந்தது.

முதல் பொய்யைச் சொன்னது பள்ளிக்கூடப் பையன், நானும் மேலே படிக்கப் போகிறேன் என்று. அதைத் தாய் மெய்யாக்கினாள். இரண்டாவது பொய்யை, மகன் பெரிய ஆளாகிவிட்டான் என்பதை, தாய் சொல்கிறாள். இதை மெய்யாக்க வேண்டியவன் மகன். அவனும் அதற்கு முயல்கிறான். அம்மா வைத்துவிட்டுப் போன பணத்தைப் பார்த்த பிறகு, மறுபடி படித்து நடுநிலைப் பள்ளி ஆசிரியர் தகுதித் தேர்வு எழுதப் போவதாக மனைவியிடம் சொல்கிறான். தேறுவானா? படம் சொல்லவில்லை. தேறினாலும் பெரிய சம்பளம் வந்துவிடாது. ஆக, கடன் பெயர் மாறி நிலுவையிலேயே இருக்கிறது. படத்தின் தொடக்கத்தில் எழுத்தாளர் அகுதகவாவின் வரி ஒன்று திரையில் வரும். வாழ்க்கைத் துயரத்தின் முதல் அங்கம் பெற்றோரும் பிள்ளையுமாக ஆவதில் தொடங்குகிறது என்பது அதன் சாரம். முதல் தடவை பார்க்கும்போது கொஞ்சம் மிகையாகத் தோன்றும். கணக்கைக் கூட்டிய பிறகு அப்படித் தோன்றாது.

கொண்டாடுவது ஏன் என்ற முதல் கேள்விக்கு இதற்குள் பதில் கிடைத்திருக்கும். வெளிவந்த காலத்திலும் படத்தைக் கவனிக்காமல் விட்டுவிடவில்லை. 'கினெமா ஜுன்போ' என்ற ஜப்பானியச் சினிமாப் பத்திரிகையின் 1936-ஆம் ஆண்டுத் தரவரிசையில் நான்காம் இடம் கிடைத்தது. அந்த ஆண்டு முதலிடம் இயக்குநர் மிசோகுச்சியின் 'கியோன் சகோதரிகள்'. அதற்கு முன் 1932 தொடங்கி மூன்று ஆண்டுகள் தொடர்ந்து ஓசுவின் மௌனப் படங்களே அந்தப் பட்டியலில் முதலில் நின்றன என்பதால், சிலருக்கு இது இறக்கமாகக்கூடப் பட்டிருக்கலாம். எனக்குப் படவில்லை. 1953-இல் 'தோக்கியோ கதை' வந்து உலகப் புகழ் பெற்றது. ஊரிலிருந்து தோக்கியோ வந்து பிள்ளைகளின் வாழ்க்கையைப் பார்த்து மனத்துக்குள் ஏமாந்து திரும்பும் பெற்றோரின் கதை அது. அதன் எலும்புக்கூடு இங்கேயே இருக்கிறது. பின்னதில் ஏமாற்றத்துக்குக் காரணம் பிள்ளைகளுக்கு நேரமும் மனமும் இல்லாதது. இதில் மனம் நிறைய இருக்கிறது, காசுதான் இல்லை. எது அதிகம் வலிக்கும் என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை: மனம் இருந்தும் முடியாமல் போவதுதான்.

நடிப்பைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லாமல் விட்டால் தவறு. தாயாக வரும் சோகோ ஈதாவுக்கு அப்போது நாற்பதுகூட ஆகவில்லை. கன்னத்தைத் தொங்கவிட்டு, முதுகை வளைத்து நடிக்கும் வித்தை எதுவும் இல்லை. தெருவோர வண்டிக்காரரிடம் மகன் வாங்கிக் கொடுத்த நூடுல்ஸ் கிண்ணத்தை ஏந்திச் சாறு குடிக்கும்போது அவள் முகத்தைப் பாருங்கள். நன்றாக இருக்கிறது என்கிறாள், உண்மையாகவே ரசிக்கிறாள். அதே நேரத்தில் வீட்டில் வேறு எதுவும் இல்லை என்பதும் அவளுக்குப் புரிந்துவிட்டது போலத் தெரிகிறது.

இன்னொரு முறை பார்ப்பதாக இருந்தால் முன்பே 'தோக்கியோ கோரஸ்' பார்த்துவிடுங்கள், பிறகு இது, அதன் பின் 1942-இல் ஓசு எடுத்த 'ஒரு தந்தை இருந்தார்'. அதில் சிஷூ ரியூ, ஆசிரியர் வேலையை விட்டு, மகனைப் படிக்கவைக்க அவனைப் பிரிந்து வாழும் தகப்பன். ஓகுபோ ஆசிரியருக்கு ஆறே ஆண்டில் ஓசு கொடுத்த மறுபிறவி போல இருக்கும். 'ஒரே மகன்' படத்தின் பிரதிகளில் ஒலி இரைச்சலாகத்தான் கிடைக்கிறது, மோஹராவின் கருவியும் காலமும் சேர்ந்து செய்த வேலை அது. இரவுக் காட்சியில் மட்டும் ஒலியைக் கூட்டி வைத்துக்கொள்ளுங்கள், இல்லாவிட்டால் சுகிகோவின் அழுகையை அந்த இரைச்சல் விழுங்கிவிடும்.